ஆட்சி, ஆவணம், சாட்சி

சேக்கிழார் பெருமான் அருளிய பெரியபுராணத்திலே வழக்குமன்றக் காட்சி ஒன்று உண்டு. புத்தூரில் மணக்கோலத்தில் இருந்த நம்பியாரூரரை முதிய வேதியர் ஒருவர் வந்து தடுத்து, "நீ எனக்கு வழிவழி அடிமை" என்று ஓலை ஒன்றைக் காட்டுகின்றார். நம்பியாரூரர் சினங்கொண்டு அதனைப் பறித்துக் கிழித்துவிடுகின்றார். வழக்குத் திருவெண்ணெய்நல்லூர்ச் சபையைச் சென்றடைகின்றது. சபையோர் முதியவரின் நரையைக் கண்டு நம்பிவிடவும் இல்லை. மணமகனின் இளமையைக் கண்டு இரங்கிவிடவும் இல்லை. உரிமையை நாட்டுவதற்கு வழி மூன்று என்கின்றனர். ஒன்று ஆட்சி, அஃதாவது நெடுங்கால அனுபவம்; மற்றொன்று ஆவணம்; இன்னொன்று அயலாரின் சாட்சி. இம்மூன்றில் ஏதேனும் ஒன்றைக் காட்டுதல் வேண்டும் என்பது அவர்கள் விதித்த நெறி. கிழிந்தது படியோலை என்று கூறிய முதியவர், மூலவோலையை எடுத்து நீட்டுகின்றார். அதிலுள்ள எழுத்தைப் பாட்டனாரின் கையெழுத்தோடு ஒப்புநோக்கிய பின்னரே சபை தீர்ப்புக் கூறுகின்றது.

வந்தவர் இறைவன், உலகனைத்தையும் உடையவர். அவருங்கூடத் தம் உடைமையைத் தமதென்று நாட்டுவதற்குச் சபையின் முன் நின்றார். தமது ஓலையைப் பிறர் ஆராய்வதற்கு இடங்கொடுத்தார். பக்திச் சுவைக்காக நாம் படித்துப் போற்றும் இப்பகுதியில் நீதிநெறி ஒன்றும் அடங்கியிருப்பதை நம்மிற் பலர் எண்ணிப் பார்ப்பதில்லை. இன்று நம் நாட்டிலே காணி வழக்குகள் நடைபெறும் முறையை நோக்கும்போது அந்நெறி நினைவுக்கு வருகின்றது.

துறைமுகமும் காணியும்

திருகோணமலையிலே பிறந்து வளர்ந்தவர்களுக்குத் துறைமுகத்தின் பெருமையை எடுத்துக்கூற வேண்டுவதில்லை. அப்பெருமைக்கு ஒரு விலையும் உண்டு. 1795ஆம் ஆண்டில் ஆங்கிலேயர் இத்துறையைக் கைப்பற்றிய நாள்முதல், கரையோர நிலங்களிற் பெரும்பகுதி கடற்படையின் தேவைக்கென்று ஒதுக்கப்பட்டு வந்தது. 1957ஆம் ஆண்டு அக்டோபர் 15ஆந் தேதி கடற்படைத் தளம் நம் அரசாங்கத்திடம் கையளிக்கப்பட்டது. கொடி மாறியது, வேலிகள் மாறவில்லை. இன்று நம் மாவட்டத்தில் ஒரு துண்டு நிலத்தைக் குறித்துக் கேட்டால், அது துறைமுக அதிகார சபைக்குரியதா, கடற்படைக்குரியதா, வனப் பாதுகாப்புத் திணைக்களத்துக்குரியதா, தொல்பொருள் திணைக்களத்துக்குரியதா, பிரதேச செயலாளரின் பொறுப்பிலுள்ளதா என்ற ஐந்து கேள்விகள் எழுகின்றன. ஆறாவது கேள்வி, அந்நிலத்திலே மூன்று தலைமுறையாக அடுப்பு மூட்டிவரும் குடும்பத்துக்குரியதா என்பது. அக்கேள்வியைக் கேட்பாரைக் காண்பது அரிது.

பட்டினமும் சூழலும் பிரதேச செயலாளர் பிரிவிலுள்ள முத்துநகரை எடுத்துக்கொள்வோம். இலங்கைத் துறைமுக அதிகார சபை 1979ஆம் ஆண்டின் 51ஆம் இலக்கச் சட்டத்தால் அமைக்கப்பட்டது. 1984ஆம் ஆண்டின் வர்த்தமானி அறிவித்தல் ஒன்றினால், துறைமுகத்தைச் சூழ்ந்த பரந்த நிலப்பரப்பு அச்சபைக்கு உரித்தாக்கப்பட்டது. அப்பரப்பினுள்ளே குளங்களும் வயல்களும் இருந்தன. ஏறக்குறைய ஐம்பது ஆண்டுகளாக அங்கே நெல் விளைவித்து வந்ததாக விவசாயிகள் கூறுகின்றனர். சூரிய மின்சக்தித் திட்டத்துக்கென நிலம் தனியார் நிறுவனங்களுக்கு வழங்கப்பட்டதைத் தொடர்ந்து, 2025ஆம் ஆண்டில் அவர்கள் வயல்களை இழந்து மாவட்டச் செயலகத்தின் முன்னே சத்தியாக்கிரகம் இருந்தனர். சபையின் கையில் வர்த்தமானி இருந்தது. விவசாயியின் கையில் மண்வெட்டி இருந்தது. முன்னது ஆவணம், பின்னது ஆட்சி. இரண்டையும் ஒரே தராசில் இட்டு நிறுத்துப் பார்க்கும் சபை எங்கே என்பதுதான் நம் வினா.

1979ஆம் ஆண்டின் சட்டம்

அரசாங்க நிலத்திலிருந்து ஒருவரை எழுப்புவதற்கு நம் நாட்டிலே பெரிதும் கையாளப்படுவது, அரசாங்கக் காணிகள் (உடைமை மீளப்பெறல்) சட்டம், அஃதாவது 1979ஆம் ஆண்டின் 7ஆம் இலக்கச் சட்டம். அது செல்லும் வழியைப் படிப்படியாகக் கூறுவோம். மாணவர்கள் இதனைக் கருத்தூன்றிப் படித்தல் நன்று.

நிலம் அரசாங்கத்துக்குரியது, அதில் இருப்பவர் உரிமையின்றி இருக்கின்றார் என்று தகுதிவாய்ந்த அதிகாரி கருதுவாராயின், குறைந்தது முப்பது நாள் தவணையிட்டு வெளியேறும் அறிவித்தலை விடுக்கலாம். அவ்வறிவித்தல் தொடர்பில் ஒருவர் தம் பக்கத்தை எடுத்துரைக்கவோ விசாரணை கோரவோ உரித்துடையவரல்லர் என்று பின்வந்த திருத்தம் ஒன்று தெளிவாகவே கூறிவிட்டது. தவணை கடந்தும் அவர் வெளியேறாவிடின், அதிகாரி நீதவான் நீதிமன்றத்துக்கு விண்ணப்பிக்கலாம். அங்கேயாவது வழக்குரைக்கலாம் என்று எண்ணுபவர், சட்டத்தின் 9ஆம் பிரிவைப் படித்தால் திகைப்பார். அரசாங்கம் எழுத்திலே தந்த அனுமதிப்பத்திரமோ வேறு எழுத்துமூல அதிகாரமோ தம்மிடம் உண்டு, அது இன்றும் வலுவில் உள்ளது என்று காட்டலாம். வேறெதனையும் கூறி எதிர்க்க முடியாது. நிலம் அரசாங்கத்துடையதுதானா என்று கேட்க முடியாது. அதிகாரியின் கூற்றுக்குச் சான்று கொணருமாறு கட்டளையிட நீதவானுக்கும் அதிகாரம் இல்லை. வெளியேற்றற் கட்டளை பிறந்தபின் அதற்கு எதிராக மேன்முறையீடும் இல்லை.

அப்படியானால் நிலத்தின் உண்மையான உரிமையாளருக்கு வழியே இல்லையா? உண்டு. 12ஆம் பிரிவின்படி, கட்டளை பிறந்த தேதியிலிருந்து ஆறு மாதத்துக்குள் அரசாங்கத்துக்கு எதிராக வழக்குத் தொடுத்துத் தம் உரித்தை நிலைநாட்டலாம். வென்றால், நிலத்தைக் கைவிட நேர்ந்ததனால் அடைந்த நட்டத்துக்கு ஈடும் பெறலாம். அரசாங்கத்தின் மீது வழக்குத் தொடுப்பதற்கு முன்னர்ச் சட்டமா அதிபருக்கு ஒரு மாத அறிவித்தல் கொடுத்தல் வேண்டும் என்பது குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையின் விதி. எனவே ஆறு மாதத்தில் ஒரு மாதம் அதற்கே போய்விடுகின்றது. வீட்டை இழந்து உறவினர் திண்ணையிலே பிள்ளைகளோடு ஒதுங்கியிருக்கும் ஒருவர், எஞ்சிய ஐந்து மாதத்துக்குள் நில அளவையாளரைத் தேடி, பழைய உறுதிகளைத் தேடி, வழக்கறிஞரைத் தேடி, அவருக்குரிய பணத்தையும் தேடுதல் வேண்டும்.

சுருங்கக் கூறின், இச்சட்டத்தின் ஒழுங்கு 'முதலில் எழும்பு, பிறகு கேள்' என்பது. உரிமை யாருடையது என்ற வினா எழுப்பப்படாமலிருப்பதில்லை. வீடு போனபின்பு எழுப்பப்படுகின்றது. திருவெண்ணெய்நல்லூர்ச் சபை ஏற்றுக்கொண்ட மூன்று சான்றுகளில், ஆட்சியும் சாட்சியும் நீதவான் முன்னிலையிற் செல்லா. ஆவணம் ஒன்றே செல்லும். அதுவும் எதிர்த்தரப்பினராகிய அரசாங்கமே எழுதித் தந்த ஆவணமாக இருத்தல் வேண்டும்.

நிலம் எப்படி முடிக்குரியதாயிற்று?

அரசாங்க நிலம் என்பது எங்கிருந்து வந்தது என்று மாணவர்கள் கேட்பதுண்டு. அதற்கு விடை கூற 1840ஆம் ஆண்டுக்குச் செல்லுதல் வேண்டும். அவ்வாண்டின் 12ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம், காடாகவும் தரிசாகவும் ஆளின்றியும் பயிரின்றியும் கிடக்கும் நிலமெல்லாம், மாறாக நிரூபிக்கப்படும் வரையில், முடிக்குரியவை என்று கொண்டது. சில ஆண்டுகளுக்கு ஒருமுறை வெட்டிப் பயிரிடப்படும் சேனை நிலமும் நம் பகுதிகளிலே காட்டு நிலமாகவே கருதப்பட்டது. சேனைப் பயிர் செய்பவன் மண் இளைப்பாறட்டும் என்று இடைவெளி விடுகின்றான். அந்த இடைவெளியைச் சட்டம், ஆளில்லாமை என்று பெயரிட்டது.

ஆங்கிலேயர் காலத்து அச்சட்டத்திலேயே ஓர் இரக்கமும் இருந்தது என்பதை மறைத்தல் நேர்மையன்று. முடிக்குரிய நிலத்திலே பத்து ஆண்டுக்குக் குறையாமலும் முப்பது ஆண்டுக்கு மேற்படாமலும் இடையீடின்றி இருந்து அதனைப் பண்படுத்தியவர், பெறுமதியின் பாதியைச் செலுத்தி அதனைத் தமதாக்கிக் கொள்ள அது வழிவைத்தது. வியர்வைக்கு ஒரு விலை உண்டென்று அச்சட்டம் ஒப்புக்கொண்டது. 1871ஆம் ஆண்டின் ஆட்சியுரிமைச் சட்டம் பத்தாண்டு எதிரிடை அனுபவத்தைத் தனியார்களுக்கிடையே உரித்தாக ஏற்றது; ஆனால் அது அரசாங்கத்தைக் கட்டுப்படுத்தாது. ஆகவே அயலவனுக்கு எதிராகச் செல்லும் ஆட்சி, அரசாங்கத்துக்கு எதிராகச் செல்வதில்லை.

சம்பூர் கற்பித்த பாடம்

சம்பூரின் கதை வேறொரு வழியிற் சென்ற கதை. அங்கே மக்களை எழுப்பியது வெளியேறும் அறிவித்தல் அன்று, போர். 2006ஆம் ஆண்டு ஏப்ரல் இறுதியில் குண்டுவீச்சுக்கு அஞ்சி மூதூர் கிழக்கு மக்கள் ஊரைவிட்டு ஓடினர். 2007ஆம் ஆண்டு மே மாதத்திலே அப்பகுதி உயர் பாதுகாப்பு வலயமாக வர்த்தமானியிற் பிரகடனஞ் செய்யப்பட்டது. 2012ஆம் ஆண்டிலே அதன் ஒரு பகுதி கைத்தொழில் வலயமாயிற்று. 818 ஏக்கர் நிலம் ஒரு நிறுவனத்துக்கென ஒதுக்கப்பட்டது. நிலத்துக்குரியவர்களோ கிளிவெட்டியிலும் கட்டைபறிச்சானிலும் முகாம்களிலே இருந்தனர். 2015ஆம் ஆண்டு மே மாதத்தில் அவ்வர்த்தமானி நீக்கப்பட்டது. ஆகஸ்டு மாதத்தில் மக்கள் திரும்பலாயினர். கடற்படை முகாம் அமைந்திருந்த நிலம் 2016ஆம் ஆண்டிலே விடுவிக்கப்பட்டது. ஏறக்குறைய பத்து ஆண்டு! முகாமிற் பிறந்த குழந்தை நான்காம் வகுப்பை எட்டிவிடும் காலம் அது. அங்கே அமையவிருந்த நிலக்கரி மின்னிலையமும் 2016ஆம் ஆண்டிலே கைவிடப்பட்டது.

பிரகடனத்தைப் பின்னர் நீக்க முடிந்தது. வெட்டப்பட்ட பனையையும் இடிந்த கிணற்றையும் அழிந்த எல்லைக் கற்களையும் எந்த வர்த்தமானியாலும் மீட்டுத்தர முடியவில்லை. முன்னரே கேட்க வேண்டிய கேள்வியைப் பின்னர்க் கேட்டால் நேர்வது இதுதான்.

அரசாங்கத்தின் பக்கம்

அரசாங்கத்தின் பக்கத்திலே நியாயமே இல்லையோ என்றால், அப்படியும் அன்று. அரசாங்க நிலம் என்பது எல்லாருடைய நிலம். காட்டை அழித்து மரம் விற்பவனும், குளத்து நீர்ப்பிடிப்பிலே மண் நிரப்பி மனை விற்பவனும், கடற்கரையை வேலியடைத்து விடுதி கட்டுபவனும் ஏழை விவசாயியின் பெயரைச் சொல்லியே நீதிமன்றத்துக்கு வருவான். அவனுடைய வழக்கு இருபது ஆண்டு இழுபட்டால், அதற்குள் காடும் குளமும் போய்விடும். விரைந்த நடைமுறை ஒன்று வேண்டும் என்று பாராளுமன்றம் எண்ணியதிலே தவறில்லை. சூரிய ஒளியிலிருந்து மின்சாரம் எடுப்பதும் நாட்டுக்கு நன்மையே.

நாம் கூறுவது, வலையின் கண் ஒரே அளவாக இருத்தலாகாது என்பதே. நேற்று இரவு வேலியடைத்தவனுக்கும் ஐம்பது ஆண்டு விதைத்தவனுக்கும் ஒரே முப்பது நாள் தவணை என்பது சமத்துவம் அன்று. வேறுபாட்டைக் காண மறுத்தல். மேலும், போரிலும் 1964ஆம் ஆண்டுப் புயலிலும் 2004ஆம் ஆண்டு ஆழிப்பேரலையிலும் ஆவணங்களை இழந்த மாவட்டம் இது. இங்கே ஆவணம் ஒன்றையே சான்றாகக் கொள்வது, இழந்தவனை இழந்ததற்காகவே தண்டிப்பதாகும். காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தின் கீழ் அனுமதிப்பத்திரம் பெற்றவர் நிலத்தைப் பண்படுத்தி வருதல் வேண்டும். தவறினால் பத்திரம் இரத்தாகலாம். துப்பாக்கிச் சூட்டுக்கு அஞ்சி ஓடியவன் எங்ஙனம் பண்படுத்துவான்?

இவ்வநீதியைப் பாராளுமன்றமே ஒருமுறை உணர்ந்திருக்கின்றது. 2016ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கச் சட்டம், 1983ஆம் ஆண்டு மே மாதம் தொடங்கி 2009ஆம் ஆண்டு மே மாதம் வரையிலும், போர்ச் சூழலால் தம் உரிமையைத் தேடமுடியாது போனவர்களுக்கு எதிராக ஆட்சிக்காலம் எண்ணப்படலாகாது என்று விதித்தது. இடம்பெயர்ந்தவன் நிலத்தில் அயலவன் புகுந்து பத்தாண்டு இருந்தேன் என்று உரிமை பேசுவதை அது தடுத்தது. அயலவனுக்கு விதித்த அந்த நீதியை அரசாங்கம் தனக்கும் விதித்துக்கொண்டால் என்ன?

பிற நாடுகளில்

பம்பாய் நகரத்து நடைபாதைவாசிகளின் வழக்கிலே, 1985ஆம் ஆண்டில் இந்திய உச்ச நீதிமன்றம் அளித்த தீர்ப்பு உலகெங்கும் பேசப்படுவது. நடைபாதை பொது நிலம். அதிலே குடியிருக்க எவர்க்கும் உரிமை இல்லை என்றே நீதிமன்றம் கூறியது. ஆயினும் பிழைப்பைப் பறிப்பது உயிரைப் பறிப்பதற்கு ஒப்பாகலாம் என்றும், முன்னறிவித்துக் கேட்டறியாமல் அகற்றுவது பொதுவாக முறையன்று என்றும் கூறி, மழைக்காலம் கழியும் வரையில் அவர்களை அகற்றலாகாது என்று பணித்தது. தென்னாப்பிரிக்காவின் 1996ஆம் ஆண்டு அரசியலமைப்பு, சூழ்நிலைகள் அனைத்தையும் ஆராய்ந்த நீதிமன்றக் கட்டளையின்றி ஒருவரையும் வீட்டிலிருந்து வெளியேற்றலாகாது என்கின்றது. உரிமையே இல்லாதவனுக்கும் கேட்கப்படும் உரிமை உண்டு என்பது இவ்விரண்டின் சாரம். நம் சட்டமோ, உரிமை இருக்கக்கூடியவனையும் கேளாது அனுப்புகின்றது.

ஆகவே நாம் வேண்டுவன மூன்று. அறிவித்தல் விடுப்பதற்கு முன்னர், அதிகாரி வரைபடத்தோடு அவ்வூருக்கே சென்று, இருப்பவரையும் அயலவரையும் கேட்டு, கேட்டதை எழுதிவைத்தல் வேண்டும். நெடுங்கால அனுபவத்தை ஒருவர் முதற்றோற்றத்திலே காட்டினால், நீதவான் கட்டளையை நிறுத்திவைத்து, உரித்து வினாவை மாவட்ட நீதிமன்றத்துக்கு அனுப்ப இடமிருத்தல் வேண்டும். நிலம் அரசாங்கத்துடையதுதான் என்று தீர்ந்தபின்னரும், ஆண்டுகள் பல அதிற் பாடுபட்டவனுக்கு மாற்று நிலம் காட்டிய பிறகே எழுப்புதல் வேண்டும்.

இல்லங்களுக்கு ஒரு சொல்

சட்டம் திருந்தும் நாள்வரையில் குடும்பத்தினர் செய்யத்தக்கன சில உண்டு. வெளியேறும் அறிவித்தல் வந்தால், அதனை மடித்து முகட்டிலே செருகிவிடாதீர்கள். அது வந்த தேதியைக் குறித்து, அன்றே சட்ட உதவி ஆணைக்குழுவின் கிளை அலுவலகத்தையோ ஒரு வழக்கறிஞரையோ நாடுங்கள். அறிவித்தல் சட்டத்துக்கு மாறானதாயின், எழுத்தாணை வேண்டி மேன்முறையீட்டு நீதிமன்றத்தை நாடும் வழி உண்டு. ஆயின் காலந் தாழ்த்தியவர்க்கு அக்கதவு எளிதிலே திறவாது.

உறுதி எரிந்துவிட்டது என்று கைவிட்டு இருந்துவிடாதீர்கள். நொத்தாரிசு எழுதிய ஒவ்வோர் உறுதிக்கும் இரண்டாம் படி காணிப் பதிவகத்துக்கு அனுப்பப்படுவது விதி. வீட்டிலிருந்தது கிழிந்தாலும் மூலவோலை வேறிடத்தில் இருக்கக்கூடும். அனுமதிப்பத்திரங்களின் பேரேடு பிரதேச செயலகத்திலே உண்டு. 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்படி அவற்றின் பிரதியையும், உங்கள் காணியைத் தொடும் வர்த்தமானியின் வரைபடத்தையும் எழுத்தில் வேண்டலாம். தருவதா இல்லையா என்பதைப் பதினான்கு வேலைநாட்களுக்குள் அலுவலர் தீர்மானித்தல் வேண்டும். வாக்காளர் இடாப்பு, பிள்ளைகளின் பள்ளி அனுமதிப் பதிவு, உர மானியப் பற்றுச்சீட்டு, பயிர்ச்செய்கைக் கூட்டத்தின் குறிப்பு ஆகிய இவை யாவும் ஆட்சிக்குச் சான்று. நீதவான் இவற்றைப் பார்க்க இயலாது போகலாம். மாவட்ட நீதிமன்றம் பார்க்கும்.

அயலாரின் சாட்சியோ நாளுக்கு நாள் குறைந்துகொண்டே போவது. எந்தப் பூவரசு எல்லை, எந்தக் கிணறு யார் வெட்டியது என்பதை அறிந்த முதியவர்கள் ஒவ்வொருவராக மறைந்து வருகின்றனர். இன்று ஞாயிற்றுக்கிழமை, பள்ளி இல்லை. வீட்டிலே எழுதப் படிக்கத் தெரிந்த பிள்ளை ஒன்று அப்பாச்சியின் பக்கத்தில் அமர்ந்து, அவர் சொல்லும் எல்லைகளைத் தேதியிட்டு ஒரு கொப்பியிலே எழுதிவைக்கட்டும். தகரப் பெட்டியின் அடியிற் கிடக்கும் பத்திரங்களுக்கும் நாளையே ஒரு பிரதி எடுத்து, வேறொரு வீட்டிலே வைத்துவிடுங்கள்.